சிவப்பு உறையில் போன ஓட்டு

வியாழக்கிழமை மாலை ஐந்தரை மணிக்கு அண்ணி போன் செய்தார். “ஜெர்மன்ல இருந்து ஒனக்கு ஒரு சூராட் வந்துருக்கு. நல்லா தடியா இருக்கு. பிரிச்சுப் பாக்கட்டுமா?”

சூராட் என்றால் எங்கள் ஊர்ப் பேச்சில் கடிதம். “தொடாதீங்க அண்ணி! தொடவே தொடாதீங்க!” என்று நான் கத்திய கத்தலில் புக்கிட் தெங்கா தொழிற்சாலை கேன்டீனில் பாதிப் பேர் கரண்டியை வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும். உறைக்குள் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியும். என் ஓட்டுச்சீட்டு. ஜெர்மன் நாடாளுமன்றத் தேர்தலில் என் வாழ்க்கையிலேயே முதல் தடவையாக நான் போடப்போகும் ஓட்டு. தேர்தல் வருகிற ஞாயிற்றுக்கிழமை. அன்று மாலை ஆறு மணிக்குள், நான் பதினேழு வருடம் குடியிருந்த ஒரு சின்ன ஜெர்மன் ஊரின் நகராட்சி அலுவலகத்தில் அந்த ஓட்டு இருந்தாக வேண்டும். ஆறு மணி தாண்டி ஒரு நிமிடம் ஆனாலும் அது வெறும் காகிதம். பினாங்கிலிருந்து அந்த ஊர் ஏறக்குறைய பத்தாயிரம் கிலோமீட்டர்.

யார் மேலும் குற்றம் சொல்ல முடியாது. அங்கே கூட்டணி உடைந்து, ஆட்சி நம்பிக்கை வாக்கெடுப்பில் தோற்று, இலையுதிர் காலத்தில் நடக்க வேண்டிய தேர்தலைப் பிப்ரவரிக்கு இழுத்துவிட்டார்கள். சீட்டு அச்சடிப்பதற்கே நாள் போதவில்லை. உலகம் முழுக்க இருக்கிற வெளிநாட்டு வாக்காளர்கள் எல்லாரும் என்னைப் போலவே தபால்காரரின் மோட்டார் சத்தத்துக்குக் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

இந்த ஒரு ஓட்டுக்கு இத்தனை ஆர்ப்பாட்டமா என்று கேட்பவர்களுக்குச் சொல்கிறேன். நான் பிறந்தது வளர்ந்தது எல்லாம் ஜார்ஜ் டவுனில், ஜெலுத்தோங்கில். இருபத்தைந்து வயதில் இயந்திர வேலை கற்க ஜெர்மனி போனவள், அங்கேயே தங்கிவிட்டேன். மூன்று வருடத்துக்கு முன்னால் அந்த நாட்டுக் குடியுரிமை வாங்கினேன். மலேசியா இரண்டு குடியுரிமையை ஒத்துக்கொள்ளாது. பாஸ்போர்ட்டையும் ஐசியையும், அதாவது நம்முடைய நீல நிற அடையாள அட்டையையும், தூதரகத்தில் திருப்பிக் கொடுத்துவிட்டு வெறும் கைப்பையோடு வெளியே வந்து, டிராம் நிறுத்தத்தில் உட்கார்ந்து ஒரு மூச்சு அழுதேன். அப்போதுதான் ஜெர்மன் தேர்தல் முடிந்து ஆறு மாதம் ஆகியிருந்தது. சில மாதங்களில் மலேசியாவில் பொதுத்தேர்தல் வந்தது. அங்கே நான் தாமதம், இங்கே நான் அந்நியள். அதன் பிறகு கம்பெனியே என்னைப் பினாங்குத் தொழிற்சாலைக்கு அனுப்பியது. நான் பிறந்த ஊரில் நான் இப்போது வேலை விசாவில் இருக்கிறேன். இந்தப் பூமியில் எனக்கு என்று இருப்பது இந்த ஒரே ஓட்டுதான். இது போனால் நாலு வருடம் காத்திருக்க வேண்டும்.

வேலை முடிந்ததும் செபராங் ஜெயாவிலிருக்கும் அண்ணன் வீட்டுக்கு ஓடினேன். ஜெலுத்தோங்கில் நான் குடியிருக்கும் அடுக்குமாடியில் தபால் பெட்டியின் கதவு பிய்ந்து தொங்குவதால் அண்ணன் முகவரியைத்தான் கொடுத்திருந்தேன்.

அண்ணனைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். தொழில் ஸ்கூல் வேன் ஓட்டுவது. ஆனால் உயிர் தேர்தலில். ஒவ்வொரு தேர்தலிலும் வாக்குச்சாவடியில் கட்சி முகவராக உட்கார்ந்துவிடுவார். யார் எத்தனை ஓட்டில் தோற்றார், எந்தச் சாவடியில் எத்தனை செல்லாத ஓட்டு விழுந்தது என்று மணிக்கணக்கில் பேசுவார். அப்படிப்பட்ட மனுஷனிடம் நான் குடியுரிமையை விட்ட செய்தியைப் போனில் சொன்னபோது, “ம்” என்றார். அப்புறம், “அங்க பனி பேயுதா?” என்று கேட்டார். அன்றிலிருந்து அந்தப் பேச்சையே எடுத்ததில்லை. சொந்தக்காரர்கள் கேட்டால், “அங்க வேல செஞ்சா, இப்ப இங்க வேல செய்யுறா” என்று சொல்லி வாயை மூடிவிடுவார். எனக்கும் தைரியம் வரவில்லை, நானும் எடுக்கவில்லை.

அன்று சாப்பாட்டு மேசையில் நான் உறையைப் பிரித்தபோது அவர் தள்ளி நின்றுதான் பார்த்தார். ஓட்டுச்சீட்டை விரித்ததும் தாங்க முடியவில்லை, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிட்டே வந்துவிட்டார்.

“என்னா இது, சீட்டு இம்மாம் நீளமா இருக்கு? ரெண்டு பக்கமும் பேரு போட்டுருக்கு?”

“ஆளுக்கு ரெண்டு ஓட்டு அண்ணே. இடது பக்கம் கறுப்புல இருக்கிறது தொகுதி வேட்பாளருக்கு. வலது பக்கம் நீலத்துல இருக்கிறது கட்சிக்கு.”

“ரெண்டு ஓட்டா? ஒரு ஆளுக்கு ரெண்டா? அடேங்கப்பா!” அண்ணன் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். “அப்ப இங்க ஒரு கட்சி, அங்க ஒரு கட்சின்னு மாத்திக் குத்தலாமா?”

“குத்தலாம்.”

“நம்ம ஊர்ல இப்படி இருந்தா என்னா ஆட்டம் ஆடலாம் தெரியுமா!”

அவ்வளவுதான், எனக்கும் பிடித்துக்கொண்டது. குடியுரிமைத் தேர்வுக்காக முந்நூறு கேள்விகளை நெட்டுருப் போட்டவள் நான். தேர்வுக்கு வேண்டியது போக மிச்சத்தையும் தேடித் தேடிப் படித்து, ஜெர்மன் தேர்தல் வரலாறு என்றால் கிறுக்குப் பிடித்தவளாக ஆகியிருந்தேன். இத்தனை நாள் கேட்க ஆளில்லை. முதல் உலகப் போர் முடிந்த கையோடு, ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பத்தொன்பதில், குளிர் நடுங்கும் ஜனவரியில் ஜெர்மன் பெண்கள் முதல் தடவையாக வரிசையில் நின்று ஓட்டுப்போட்டதைச் சொன்னேன். அப்புறம் கட்சிகள் மழைக் காளான் மாதிரி முளைத்து, எந்த ஆட்சியும் நிற்காமல், ஒரு வருடத்துக்குள் மூன்று தடவை ஜனங்களை ஓட்டுச்சாவடிக்கு இழுத்ததைச் சொன்னேன். மூன்றாவது தேர்தலுக்கு அடுத்து வந்த தேர்தலில் சீட்டில் ஒரே ஒரு கட்சியின் பட்டியல்தான் இருந்தது என்றபோது அண்ணி சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்து, “அது என்னா எலெக்சன்?” என்றார்.

“அதான் அண்ணி, எலெக்சனே இல்ல. அதோட பதினாறு வருஷம் போச்சு.”

போர் முடிந்து நாடு இரண்டாகப் பிளந்த கதை, மேற்கில் நாற்பத்தொன்பதில் மறுபடி நாடாளுமன்றம் வந்த கதை, அப்போது ஆளுக்கு ஒரே ஓட்டுதான் இருந்தது, அதற்கடுத்த தேர்தலில்தான் இரண்டாவது ஓட்டு வந்தது, நாடு முழுக்க ஐந்து விழுக்காடு வாங்காத கட்சிக்குப் பெரும்பாலும் உள்ளே இடமில்லை என்ற கணக்கும் அப்போதுதான் வந்தது என்று நான் பாட்டுக்கு அளந்துகொண்டே போனேன். கிழக்கு ஜெர்மனியில் நாற்பது வருடம் ஒரே பட்டியலை நீட்டுவார்கள், ஜனங்கள் அதை மடித்துப் பெட்டியில் போட்டுவிட்டு வருவார்கள், ஓட்டுப்போடப் போவதையே ‘சீட்டு மடிக்கப் போகிறோம்’ என்று கேலியாகச் சொல்வார்கள் என்றபோது அண்ணன் மேசையைத் தட்டிச் சிரித்தார். ஆனால் அவரை எழுந்து நிற்க வைத்தது வேறொன்று.

“அண்ணே, அந்த நாப்பத்தொன்பதுல, முதல் பிரதமரை நாடாளுமன்றத்துல ஓட்டெடுத்துத் தேர்ந்தெடுத்தாங்க. எத்தனை ஓட்டுல ஜெயிச்சாரு தெரியுமா?”

“எத்தன?”

“ஒண்ணு. ஒரே ஒரு ஓட்டு. அவரும் தனக்குத்தானே போட்டுக்கிட்டாரு.”

“ஐயோ ஐயோ ஐயோ!” அண்ணன் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். “ஒரு ஓட்டா! அந்தாளு மட்டும் கூச்சப்பட்டுச் சும்மா இருந்திருந்தா?” அப்புறம் சட்டென்று என் பக்கம் திரும்பி, “இது என்னைக்கு அங்க போய்ச் சேரணும்?” என்றார்.

“ஞாயிறு சாயந்தரம். முடியாது அண்ணே. கூரியர்ல விசாரிச்சுட்டேன். எவ்வளவு சீக்கிரம் அனுப்பினாலும் திங்கள்தான் கையில குடுப்பாங்களாம்.”

“கூரியர் எதுக்குடி? ஆளு போனா ஓட்டுப் போவும்.”

நான் சொல்லவே துணியாததை அவர் சொல்லிவிட்டார். சில வருடங்களுக்கு முன் ஒரு மலேசியப் பொதுத்தேர்தலில் வெளிநாட்டில் இருந்தவர்களுக்கெல்லாம் தபால் ஓட்டுத் தாமதமாக வந்தது. நம்மாட்கள் சும்மா இருப்பார்களா? விமான நிலையங்களில் போய் நின்று, ஊருக்குப் போகிற முகம் தெரியாத ஆட்களிடம் ஓட்டைக் கொடுத்தனுப்பினார்கள். கைமாறிக் கைமாறி ஓட்டுகள் ஊர் வந்து சேர்ந்தன. அப்போது நானும் மலேசியக்காரி. ஃபிராங்க்ஃபர்ட் விமான நிலையத்தில் யாரோ ஒரு கல்லூரிப் பெண்ணிடம் என் உறையைக் கொடுத்தேன். இந்தப் பக்கம் பினாங்கின் பாயான் லெப்பாஸ் விமான நிலையத்தில் நின்று அதை வாங்கி, வேனை விரட்டிக்கொண்டு போய்க் கொடுத்தது என் அண்ணன்தான். இதையெல்லாம் நாங்கள் மறுபடி பேசியதே இல்லை.

“நாளைக்குச் சாயந்தரம் போறோம்,” என்றார் அண்ணன்.

மறுநாள் அரை நாள் விடுப்பு எடுத்து அண்ணன் வீட்டுக்கு வந்தேன். அண்ணன் ஸ்கூல் விட்டதும் வேன் பிள்ளைகளை வீட்டில் விடும் வேலையை இன்னொரு வேன்காரரிடம் தள்ளிவிட்டார். நான் படுக்கையறைக்குள் போய்க் கதவைத் தாழிட்டுக்கொண்டு, அண்ணியின் தையல் மேசையில் ஓட்டுச்சீட்டை விரித்து வைத்தேன். ஒரு வட்டத்துக்குள் குறுக்குக் கோடு போடுவதற்கு ஏன் இப்படி வியர்க்க வேண்டும்? முதலில் கறுப்பு, பிறகு நீலம். போட்டுவிட்டேன்! சீட்டை மடித்துச் சின்ன உறைக்குள் வைத்து ஒட்டினேன்.

“யாருக்குப் போட்ட?” என்றார் அண்ணன், நான் வெளியே வந்ததும்.

“அதான் சொல்ல மாட்டேன்.”

“எனக்கு அந்தக் கட்சிப் பேரெல்லாம் தெரியவா போவுது? சொன்னா என்னாலா?”

“சொல்ல மாட்டேன்லா!”

சின்ன உறையோடு சேர்த்து வைக்க வேண்டிய தாள் ஒன்று உண்டு. இந்த ஓட்டை நானேதான் போட்டேன் என்று உறுதி சொல்லிக் கையெழுத்திட வேண்டிய தாள். மேசையில் வைத்துக் கையெழுத்தைப் போட்டேன். அந்த நேரம் பார்த்துத் தொழிற்சாலையிலிருந்து போன். மூன்றாவது லைன் நின்றுவிட்டதாம். நான் வாசலுக்குப் போய் ஐந்து நிமிடம் கத்திப் பேசிவிட்டுத் திரும்பி வந்தால், அண்ணன் எல்லாவற்றையும் பெரிய சிவப்பு உறைக்குள் வைத்து, கோந்து தடவி, அதன் மேல் ஒரு கனமான அகராதியையும் ஏற்றி வைத்திருந்தார்.

“ஒட்டிட்டேன். இனிமே பிரிக்க முடியாது,” என்றார் பெருமையாக. நானும் நன்றி சொல்லித் தொலைத்தேன்.

கடலைத் தாண்டித் தீவுக்குப் போகும் பாலத்தில் வெள்ளிக்கிழமை நெரிசல். மஞ்சள் ஸ்கூல் வேனில், பிள்ளைகள் ஜன்னலில் ஒட்டிய கார்ட்டூன் படங்களுக்கு நடுவில், நான் அந்தச் சிவப்பு உறையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கடல் காற்று முகத்தில் அடித்தது. அண்ணன் ஹாரனை அழுத்திக்கொண்டே, “அந்த ஐஞ்சு பெர்சன்ட் கணக்கு எப்படி, மறுபடி சொல்லு” என்றார். அன்று எனக்கு வந்த சந்தோஷம் இருக்கிறதே, அதை எப்படிச் சொல்ல! நாற்பத்தைந்து வயதில், பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட்டவள் போல எனக்குச் சிரிப்பு சிரிப்பாக வந்தது.

விமான நிலையத்தில் அந்தச் சிரிப்பு அடங்கிப்போனது. அண்ணன் நாட்காட்டித் தாளின் பின்பக்கத்தில் ‘ஃபிராங்க்ஃபர்ட்?’ என்று ஆங்கிலத்தில் கொட்டை எழுத்தில் எழுதிக் கொண்டுவந்திருந்தார். அதைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வரிசைக்கு வரிசை நடந்தோம். கோட்டுப் போட்ட ஒருவர் கேட்டதும் பெட்டியை இழுத்துக்கொண்டு ஓடியே போனார். ஒரு தம்பதி தலையை மட்டும் ஆட்டினார்கள். ஒரு தமிழர், நம்மாள் என்று நம்பிக் கேட்டால், “அக்கா, நியூஸ் எதுவும் பாக்கிறது இல்லியா? யாரு என்னா குடுத்தாலும் வாங்காதீங்கன்னு தொண்ட கிழியக் கத்துறாங்க. போதப்பொருளோட மாட்டுனா கழுத்துல கயிறுதான்” என்று எனக்கே புத்தி சொல்லிவிட்டுப் போனார். அவர் சொன்னதில் தப்பு இல்லை. நானாக இருந்தாலும் வாங்கியிருக்க மாட்டேன்.

முக்கால் மணி நேரம் போனது. அண்ணனின் சட்டை முதுகில் ஒட்டிவிட்டது. ‘போதும் அண்ணே’ என்று சொல்ல நான் வாயெடுத்த நேரத்தில், தள்ளுவண்டியில் மூன்று அட்டைப்பெட்டிகளை அடுக்கிக்கொண்டு வந்த ஒரு சீன ஆன்ட்டி எங்கள் முன்னால் நின்றார். எழுபது வயது இருக்கும். பூப்போட்ட சட்டை, காலில் பளிச்சென்ற புது ஷூ.

“ஃபிராங்க்ஃபர்ட்ல என் மகள் இருக்கா. என்ன வேணும்?” என்று மலாயும் ஆங்கிலமும் கலந்து கேட்டார்.

நான் சொல்லத் தொடங்குவதற்குள் அண்ணன், “உண்டி, ஆன்ட்டி! உண்டி!” என்றார். உண்டி என்றால் மலாயில் ஓட்டு.

“எந்த உண்டி? நமக்கு இப்ப எலெக்சன் எதுவும் இல்லையே?”

“ஜெர்மன் உண்டி.”

ஆன்ட்டி என்னை மேலிருந்து கீழே பார்த்தார். பாஸ்போர்ட்டைக் காட்டச் சொன்னார். காட்டினேன். “முகம் பினாங்கு, புத்தகம் ஜெர்மன்” என்று சொல்லி ஒரு சிரிப்பு சிரித்தார். பிறகு, “உறையத் திற. உள்ள பொடி இருக்கான்னு பாக்கணும்” என்றார்.

“திறக்க முடியாது ஆன்ட்டி. திறந்தா ஓட்டு செல்லாது.”

அவர் உறையை வாங்கி விரலால் தடவினார், மோந்து பார்த்தார், குழல்விளக்குக்கு நேரே தூக்கிப் பிடித்தார். என் பாஸ்போர்ட்டைப் படம் எடுத்தார். அண்ணனின் ஐசியைப் படம் எடுத்தார். அப்படியும் திருப்தி இல்லாமல் அண்ணனைக் கூட்டிக்கொண்டு வெளியே போய் ஸ்கூல் வேனின் நம்பர் பலகையையும் படம் எடுத்துக்கொண்டு வந்தார். “ஸ்கேன் மெஷின்ல இத மட்டும் தனியா தட்டுல வைப்பேன். ஏதாவது சத்தம் வந்துச்சு, ரெண்டு பேரையும் போலீஸ்ல புடிச்சுக் குடுப்பேன்” என்றார்.

“குடுங்க ஆன்ட்டி, தாராளமா குடுங்க!” என்றேன். அவர் கையைப் பிடித்துக் குலுக்கோ குலுக்கு என்று குலுக்கினேன். அவருடைய போன் நம்பரையும் மகள் நம்பரையும் குறித்துக்கொண்டேன். ஆன்ட்டி உறையைக் கைப்பையில் வைத்து உள்ளே போனார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சோதனையைத் தாண்டியதும் கட்டை விரலை உயர்த்திக் காட்டினார். நானும் அண்ணனும் அந்தக் கூட்டத்தில் கைதட்டினோம்.

“இனி கவலையே இல்ல,” என்றார் அண்ணன். “எல்லாம் பக்கா. சாட்சிக் கையெழுத்துகூட போட்டுட்டேன்.”

“என்னா கையெழுத்து?”

“அதான், அந்தத் தாள்ல. நீ போட்டதுக்குக் கீழ இன்னொரு கோடு இருந்துச்சுல்ல? நீ போன் பேசப் போனப்ப நான் சாட்சி போட்டேன். சாட்சி இல்லாம தபால் ஓட்டு செல்லுமா? நீ மறந்துட்ட.”

மலேசியத் தபால் ஓட்டில் சாட்சி வேண்டும், உண்மைதான். ஆயிரம் பேருக்கு அண்ணன் அதை எடுத்துச் சொல்லியிருப்பார். ஆனால் ஜெர்மன் தாளில் சாட்சி என்று ஒன்று கிடையாது. அந்த இரண்டாவது கோடு, கண் தெரியாதவர்களுக்கும் கை முடியாதவர்களுக்கும் பதிலாக ஓட்டைக் குறித்துக்கொடுத்த உதவியாளர் கையெழுத்திடும் இடம். அந்தத் தாளின்படி இப்போது என் ஓட்டை நானும் போட்டிருக்கிறேன், அண்ணனும் போட்டிருக்கிறார். எந்த அதிகாரி பார்த்தாலும் தள்ளி வைத்துவிடுவார்.

“உன்ன யாரு கேட்டா?” நான் போட்ட சத்தத்தில் ஒரு குழந்தை அழ ஆரம்பித்தது. ‘நீங்க’ போய் ‘நீ’ வந்துவிட்டது. “எல்லாத்துலயும் மூக்க நுழைக்கணுமா? படிக்கத் தெரியாத பாஷையில கையெழுத்துப் போடுவியா?”

“எத்தன தபால் ஓட்டு பாத்துருக்கேன் நானு...”

“அது உன் நாட்டு ஓட்டு! இது என் நாட்டு ஓட்டு!”

சொன்ன பிறகுதான் என் காதிலேயே அது விழுந்தது. அண்ணன் நாட்காட்டித் தாளை நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வேனை நோக்கி நடந்தார். ஜெலுத்தோங்கில் என்னை இறக்கிவிடும் வரை வாயைத் திறக்கவில்லை. நானும்தான் திறக்கவில்லை. அவ்வளவு திமிர் எனக்கு.

சனிக்கிழமை மாலை ஆன்ட்டியிடமிருந்து செய்தி வந்தது. ‘வந்துட்டேன். குளிர். உறை பத்திரம்.’ நான் உடனே அவருடைய மகளைக் கூப்பிட்டு இரட்டைக் கையெழுத்து விஷயத்தைச் சொன்னேன். அந்தப் பெண் நல்ல பெண். பல வருடமாக அங்கே இருப்பவள். “உறையை இனித் தொட முடியாது. ஆனா இங்க தபால் ஓட்டை சோதிக்கிறதை யார் வேணும்னாலும் உட்காந்து பாக்கலாம்ல? நாளைக்கு அம்மாவும் நானும் ரயில்ல போறோம். போட்டுட்டு அங்கேயே இருந்து பாத்துட்டு வர்றோம்” என்றாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. யாரோ பெற்ற பிள்ளை, என் ஓட்டுக்காக ரயிலில் இரண்டு மணி நேரம் போகிறாள்.

ஞாயிறு மாலை அண்ணன் வீட்டுக்குப் போனேன். மறுநாள் அங்கிருந்து தொழிற்சாலை பக்கம் என்று அண்ணியிடம் சாக்குச் சொன்னேன். உண்மையில் தனியாக இருக்க முடியவில்லை. ஆறேகாலுக்குப் படம் வந்தது. தலையணை மாதிரித் தடித்த கோட்டுக்குள் ஆன்ட்டி, நான் ஆயிரம் தடவை கடந்துபோன அந்த நகராட்சிக் கட்டடத்தின் தபால் பெட்டி முன்னால். கையில் சிவப்பு உறை. அடுத்த படத்தில் கை காலி. அங்கே அப்போது காலை பதினொன்றேகால். கெடுவுக்கு ஆறே முக்கால் மணி நேரம் முன்னதாகவே போய்ச் சேர்ந்துவிட்டது! அண்ணி என்னைக் கட்டிக்கொண்டார். அண்ணன் தொலைக்காட்சியிலிருந்து கண்ணை எடுக்காமல், “சேந்துருச்சா? நல்லது” என்றார். அவ்வளவுதான்.

ராத்திரி முழுக்கப் புரண்டு புரண்டு படுத்தேன். திங்கள் காலை ஏழரைக்கு அண்ணன் வேனில் முதல் நடை முடிந்து வந்து தோசைக்கு உட்கார்ந்தபோது, ஆன்ட்டியின் மகள் அனுப்பியிருந்த குரல் பதிவைத் திறந்தேன். ஒன்பது நிமிடம். தனியாகக் கேட்கத் தைரியம் இல்லை. மேசை நடுவில் வைத்துச் சத்தமாக ஓடவிட்டு, அவள் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்லத் தமிழில் சொன்னேன்.

ஒரு பள்ளிக்கூட அறையில் ஏழு பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்களாம். ஆன்ட்டி அட்டைப்பெட்டியைத் திறந்து ஏழு பேருக்கும் நம்ம பினாங்குத் தம்பூன் பிஸ்கட்டை நீட்டியிருக்கிறார். தேர்தல் வேலையில் இருக்கும்போது எதுவும் வாங்கக் கூடாது என்று அவர்கள் சிரித்துக்கொண்டே மறுத்துவிட்டார்களாம். “கடவுளே, பிஸ்கட் லஞ்சம்!” என்றார் அண்ணி. சிவப்பு உறைகளை ஒவ்வொன்றாகக் கிழித்து, தாளைப் பார்த்து, சின்ன உறையைப் பெட்டிக்குள் போட்டுக்கொண்டே போனார்களாம். ஒரு உறையில் மட்டும் ஒரு அம்மாள் கையைத் தூக்கி, ‘இது மலேசியாவிலிருந்து, இதில் இரண்டு கையெழுத்து இருக்கிறது’ என்றாளாம்.

அண்ணன் தோசையைப் பிய்த்த கையை அப்படியே வைத்துக்கொண்டிருந்தார்.

ஒருவர் தள்ளிவிடலாம் என்றாராம். இன்னொருவர், வாக்காளர் தானே உறுதி சொல்லிக் கையெழுத்துப் போட்டிருக்கும்போது கூட ஒரு கையெழுத்து இருந்தால் என்ன குடி முழுகிவிடும் என்றாராம். கால் மணி நேரம் வாதம். முடிவில் தலைவர், சட்டப்படி வாக்கெடுப்பு என்றாராம். என் ஒரு ஓட்டுக்காக அந்த ஏழு பேரும் ஓட்டுப்போட்டார்கள்! ஏற்கலாம் என்று ஐந்து கை. வேண்டாம் என்று இரண்டு கை.

“ஐஞ்சு!” நான் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தேன். “ஐஞ்சுக்கு ரெண்டு! செல்லும்! என் ஓட்டு செல்லும்!” அண்ணி கரண்டியோடு ஓடி வந்தார். அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு பெரிதாக மூச்சு விட்டார். அங்கே யார் ஆட்சிக்கு வருகிறார்கள் என்று பார்க்க வேண்டும் என்ற நினைவே எனக்கு மத்தியானம்தான் வந்தது.

குரல் பதிவில் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருந்தது. வேண்டாம் என்று சொன்ன இரண்டு பேருக்கும் கையெழுத்துகூடப் பெரிய விஷயம் இல்லையாம். அதற்குப் பக்கத்தில் நீளமாக ஒரு எண் எழுதியிருந்ததாம், பன்னிரண்டு இலக்கம், நடுவில் கோடு போட்டு. இது என்ன எண், யாருடைய எண் என்று யாருக்கும் புரியவில்லையாம்.

நான் அண்ணனைப் பார்த்தேன். “உங்க ஐசி நம்பரையும் எழுதிட்டீங்களா?”

“என் நம்பர் எதுக்கு?” என்றார் அண்ணன். “ஓட்டு ஒன்னுது. ஒன் நம்பரத்தான் எழுதினேன்.”

“எனக்கு ஏது அண்ணே நம்பரு? அதான் திருப்பிக் குடுத்துட்டேனே.”

“அட்டயத்தான குடுத்த?”

தோசையைப் பார்த்தபடியே, பன்னிரண்டு எண்ணையும் ஒவ்வொன்றாகச் சொன்னார். முதல் ஆறு என் பிறந்த தேதி, அடுத்தது பினாங்கில் பிறந்தவர்களுக்கான பூஜ்ஜியம் ஏழு. அதுவரை எனக்கும் ஞாபகம் இருக்கும். கடைசி நான்கும் மறந்துபோய் ஒரு வருடத்துக்கு மேல் ஆகிறது. ராத்திரியில் எத்தனையோ தடவை யோசித்துப் பார்த்திருக்கிறேன், வந்ததே இல்லை. அண்ணன் அந்த நான்கையும் தடுமாறாமல் சொன்னார்.

“இன்னொரு தடவ சொல்லுங்க அண்ணே,” என்றேன்.

சொன்னார்.